ஜெயபுரத்து நாற்பது விநாடி

இன்று காலை கிளிநொச்சி பஸ்ஸில் பக்கத்தில் இருந்த பெண் என்னை உற்றுப் பார்த்துவிட்டுக் கேட்டார்.

"அண்ணை, நீங்கள் சண்டைக் காலத்தில ஜெயபுரத்துக்குப் படம் எடுக்க வந்தனீங்கள் எல்லே? அப்ப தலைமயிர் இருந்தது."

"ஓம்" என்றேன். தொண்ணூறுகளின் கடைசியில் இடம்பெயர்ந்தவர்களைப் பற்றி ஓர் ஆவணப்படம் எழுதித் தயாரித்தேன்.

"எங்கட வீட்டுக்காரர் கிணத்தடியில நிண்டு சிரிக்க, நீங்கள் எடுத்தனீங்கள். அடுத்த வருசம் ஷெல் பட்டுச் செத்திட்டார். ஒரு போட்டோவும் இல்லை. பேரப்பிள்ளையள் முகத்தைக் கேக்குதுகள். அது இருக்கோ?"

"தேடிப் பாக்கிறன் தங்கச்சி."

பொய் சொன்னேன். பொருளாதாரத் தடைக் காலத்தில் வன்னிக்குள் புது வீடியோக் கசெற் வருவது அபூர்வம். படத்துக்கு வேண்டியதை மட்டும் பிரதி எடுத்துக்கொண்டு, மிச்சத்தை அழித்து அதன் மேலேயே அடுத்த ஊரைப் பதிவோம். அந்தக் கசெற்றில் இப்போது இருப்பது தர்மபுரத்து மரநிழல் பள்ளிக்கூடம்.

வீட்டுக்கு வந்து பழைய குறிப்புக் கொப்பியைத் திறந்தேன்.

"ஜெயபுரம். கிணற்றடி. தலைப்பாகை கட்டியவர் சிரிக்கிறார். நாற்பது விநாடி."

பக்கத்தில் என் கையெழுத்தில்: "சோகம் போதாது. வேண்டாம்."

அந்தப் பெண் என் போன் நம்பரை வாங்கிப் போயிருக்கிறார். நாளைக்கு எடுப்பாராம். என்ன சொல்லலாம் என்று தெரிந்தவர்கள் கீழே எழுதுங்கள். மற்றவர்களின் துயரத்துக்கு வசனம் எழுதியே பெயர் வாங்கியவன் நான். இதற்கு ஒரு வரி வரவில்லை.