கண்ணாடி போடாமல் வாசித்த செய்தி

கண்டியில் கேபிள் இழுத்த வீடுகளுக்கு மட்டும் தெரிகிற ஒரு சின்னத் தொலைக்காட்சியில் அவர் இருபது வருடங்களுக்கு மேல் தமிழ்ச் செய்தி வாசித்தார். அதில் ஒன்பது வருடம் அவருடைய கண்ணாக இருந்தவன் நான்.

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவன். கட்டுகஸ்தோட்டையில் கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதிப் பிழைத்தேன். அவருக்குப் பார்வை மங்கியிருந்தது. கண்ணாடி போட்டால் முகக்களை போய்விடுமாம். அதனால் மானேஜர் தரும் செய்தியைப் பெரிய தாள்களில் தடித்த எழுத்தில் எழுதி, கமராவுக்குக் கீழே குந்தியிருந்து ஒவ்வொன்றாகத் தூக்கிப் பிடிக்க என்னைக் கூப்பிட்டார்கள்.

செய்திக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போதுதான் வருவார். பவுடரைப் பற்றி விசாரிப்பார். செய்தியைப் பற்றி ஒருநாளும் விசாரித்ததில்லை. வெள்ளத்துக்கும் வெசாக் பண்டிகைப் பந்தலுக்கும் ஒரே குரல்தான். பஸ் வேலைநிறுத்தம் என்று கணீரென்று வாசித்துவிட்டு, கோட்டைக் கழற்றியபடி, கடைசி பஸ் எத்தனை மணிக்கு என்று என்னிடம் கேட்டவர் அவர். ஊரோ அவரை அறிவாளி என்றது.

ஒரு மழைக்காலத்தில் அம்பிட்டியவில் ஹோட்டல் கட்டுகிற இடத்தில் மண்மேடு சரிந்து ஒரு பெண் இறந்துபோனார். என் பக்கத்து வீட்டுக்காரி. அங்கே மண் சுமக்கப் போய்க்கொண்டிருந்தவர். சாவு வீட்டில் அவருடைய கணவர் என்னை ஓரமாகக் கூப்பிட்டார்.

"சும்மா ரோட்டுல போனாளாம், முதலாளி சொல்றாரு. அவ வேலையிலதான் செத்தா. அத மட்டும் டீவியில சொல்லச் சொல்லுங்கண்ணே. அவ பேரையும் சொல்லணும்."

யாரிடமும் எதுவும் கேட்டுப் பழக்கமில்லாதவன் நான். அன்றைக்கு ஒப்பனைக் கண்ணாடிக்குப் பக்கத்தில் நின்று, வாசிப்பாளரிடம் வேர்க்க விறுவிறுக்கக் கேட்டேன். அவர் தன் முகத்திலிருந்து பார்வையை எடுக்கவில்லை.

"அந்த முதலாளி நமக்கு விளம்பரம் குடுக்கிறவரு தம்பி. செத்தவ பேரு யாருக்கு வேணும்? பவுடர் சரியா இருக்கா பாருங்க."

காதோரம் ஒரு திட்டு விட்டுப்போயிருந்தது. சரியாக இருக்கிறது என்றேன்.

மானேஜர் தந்த தாளில் 'அவ்வழியே சென்ற பெண்ணொருவர்' என்று இருந்தது. நான் அப்படி எழுதவில்லை. இறந்தவருடைய பெயர், தகப்பன் பெயர், கணவர் பெயர், அங்கே மண் சுமந்துகொண்டிருந்தபோது இறந்தார் என்பது, எல்லாவற்றையும் எழுதினேன். வாசிப்பாளர் அதை அப்படியே வாசித்தார். தகப்பன் பெயருக்குப் பிறகு உருக்கமாக ஓர் இடைவெளிகூட விட்டார். அடுத்தது கிரிக்கெட்.

மறுநாள் முதலாளி மானேஜரைத் தொலைபேசியில் ஏசியிருக்கிறார். வாசிப்பாளரைக் கேட்டபோது, தனக்கொன்றும் தெரியாது, அந்த ஆள் எழுதியதைத்தான் படித்தேன் என்றாராம். அவர் வாயிலிருந்து வந்த ஒரே உண்மைச் செய்தி அதுதான். என்னை நிறுத்திவிட்டார்கள். ஆனால் ஊரே கேட்ட பிறகு வழிப்போக்கர் கதை எடுபடவில்லை. வேலைக்கு வந்தவள்தான் என்று முதலாளி ஒப்புக்கொள்ள வேண்டியதாயிற்று.

துணிச்சல்காரர் என்று ஊர் பேச ஆரம்பித்ததும் இவருக்கு ஞாபகம் மாறியது. விளம்பரக்காரரை எதிர்த்து நின்றதாகச் சொல்லிப் பொன்னாடைகள் வாங்கிக்கொண்டார்.

அவருடைய பிரியாவிடை விழாவில் மாலை போடுவதற்கு அந்தக் கணவரையே அழைத்திருந்தார்கள். தனியே போகக் கூச்சமென்று அந்தக் கணவர் என்னையும் கூட்டிப் போனார். நான் முதல் வரிசையில் உட்கார்ந்தேன். கணவர் மாலையோடு மேடையில் நிற்க, இவர் மைக்கில் அந்தக் கதையைச் சொன்னார்.

"அந்தச் சகோதரியோட பேர இன்னைக்கும் நான் மறக்கல," என்றார். நிறுத்தினார். உருக்கம் என்று சபை நினைத்தது. அவருடைய கண்கள் மெல்லக் கீழே இறங்கின, வழக்கமாக என் தாள் இருக்கும் இடத்துக்கு. அங்கே நான்தான் இருந்தேன், வெறுங்கையோடு. அந்தத் தூரத்தில் என்னை அடையாளம் தெரிந்திருக்காது. நான் உதட்டை அசைக்கவில்லை.

கணவர் மைக்கின் பக்கம் குனிந்தார். மனைவியின் பெயரையும் அவருடைய தகப்பன் பெயரையும் சொன்னார். சாவு வீட்டில் என்னிடம் சொன்ன அதே குரல்.

"ஆமா, அதேதான்," என்றார் செய்தி வாசிப்பாளர், கழுத்தைக் கொஞ்சம் நீட்டியபடி.

கணவர் மாலையை மேடையில் உட்காரப் போட்டிருந்த கதிரையில் வைத்துவிட்டு இறங்கி வந்தார்.