இடைக்காலத் தடை

அக்காவைச் சீருடை இல்லாமல் நான் முதன்முதலில் பார்த்தது சென்னையில் நீதிமன்ற வராண்டாவில். ஊதாப் புடவை, தோளில் மகளின் பள்ளிப் பை. மத்திய அரசின் பாதுகாப்புப் படை ஒன்றில் அவர் தலைமைக் காவலர். நான் அவருக்குக் கீழே காவலர். சேலத்துப் பக்கம் ஓர் ஆலையின் வாயிலில் இருவரும் ஒன்றாகப் பணி செய்தோம். அவரை அசாமுக்கு மாற்றி உத்தரவு வந்திருந்தது. கணவரை இழந்தவர். மகளுக்குப் பிறந்ததிலிருந்தே காது கேட்காது. பேசுபவரின் உதட்டைப் பார்த்துச் சொல்லைப் பிடிக்க, தர்மபுரியில் ஒரு பயிற்சிப் பள்ளியில் அப்போதுதான் கற்றுக்கொண்டிருந்தாள். "தமிழ் பேசற வாயத்தான் இவளுக்குப் புரியுதுங்க. அங்க போயி யாரு வாயப் பாத்துக் கத்துக்குவா?" என்று அக்கா வக்கீலிடம் கேட்டார். வக்கீல் அதையே நீதிபதியிடம் சொன்னார். இடமாற்றத்துக்கு இடைக்காலத் தடை கிடைத்தது. வெளியே வந்ததும் அக்கா படியில் உட்கார்ந்து அழுதுவிட்டார். குழந்தைக்கு நான்தான் இட்லி வாங்கிக் கொடுத்தேன்.

தடை அக்காவை நிறுத்தியதே தவிர, அசாமில் காலியாக இருந்த இடத்தை நிரப்பவில்லை. அடுத்த வாரமே அந்த இடத்துக்கு என் பெயர் வந்தது. எனக்குக் கல்யாணமாகிச் சில மாதங்கள்தான் ஆகியிருந்தன. "நீயும் கேஸ் போடப் போறியாம்மா?" என்று அதிகாரி சிரித்தார். புதுக் கணவரைப் பிரிய மனமில்லை என்பதை எந்த வக்கீல் மனுவில் எழுதுவார்?

செய்தி கேட்டு அக்கா மகளுடன் நல்லம்பள்ளியில் எங்கள் வீட்டுக்கு வந்தார். என் மாமியார் அவரை உள்ளே கூப்பிடவில்லை. வாசலில் நின்றபடியே, "என்னாலதான உனக்கு இப்பிடி ஆச்சு. கேஸ வாபஸ் வாங்கிடறேன் புள்ள, நீ ஒரு வார்த்த சொல்லு" என்றார் அக்கா. சொல்லிவிடத்தான் நினைத்தேன். அந்தச் சின்னப் பெண் என் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"வேணாங்க்கா. நான் போறேன்" என்றேன்.

அசாமில் இருந்த காலமெல்லாம் அக்கா மேல் எனக்குக் கோபமே இல்லை என்று சொல்ல மாட்டேன். மழை விடாமல் பெய்யும் நாட்களில் அது கிளம்பி வரும். மறுநாள் அவருக்கே போன் செய்து குழந்தையைப் பற்றி விசாரிப்பேன். என் முறை முடிந்து நான் ஊர் திரும்பிய சமயத்தில் வழக்கில் தீர்ப்பு வந்தது. இடமாற்றம் பணியின் ஒரு பகுதி, அதில் தலையிட முடியாது என்று சொல்லிவிட்டார்கள். மகளின் படிப்பு கெடக் கூடாதென்று அவளைப் பென்னாகரத்தில் தங்கை வீட்டில் விட்டுவிட்டு, அக்கா தனியாக ரயிலேறினார். நான் காலி செய்துவிட்டு வந்த அதே இடத்துக்கு. நான் போனதால் அவர்களுக்குச் சில வருடங்கள் கிடைத்தன.

போன ஞாயிற்றுக்கிழமை பென்னாகரம் போயிருந்தேன். அக்கா மகள் வளர்ந்துவிட்டாள். சொற்களை இழுத்து இழுத்துப் பேசுகிறாள். "அங்க போன நீங்க வந்துட்டீங்க. அம்மா எப்ப வருவாங்க?" என்று கேட்டாள்.

"தெரியல கண்ணு" என்றேன். அவளுக்குப் பிடிபடவில்லையோ என்று வாயை நன்றாகத் திறந்து, மெதுவாக மறுபடியும் சொன்னேன்.

"மொதல்லயே புரிஞ்சிச்சு" என்றாள்.