லவேர்ன் வலையில் முதல் மீன்

அமெரிக்காவின் கிளாமத் ஆற்றங்கரையில், பழங்குடி மக்களிடையே, லவேர்னைத் தெரியாதவர் இல்லை. பள்ளிப் பேருந்து ஓட்டுகிறவள். முட்டையிடக் கடலிலிருந்து ஆற்றில் ஏறிவரும் சால்மன் மீன்களின் வழியை மறித்து நின்ற அணையை இடிக்கச் சொல்லி, தான் போன ஒவ்வொரு கூட்டத்திலும் தொண்டை கிழியக் கத்தியவள். அணையை ஒருவழியாக இடித்தார்கள். அதன்பின் வந்த பருவத்தின் முதல் சால்மன் அவள் வலையிலேயே வந்து மாட்டியது. நல்ல கொழுத்த பெண் மீன்.

"அண்ணி, அடுப்பைப் பத்த வைக்கட்டுமா?" என்று கொழுந்தன் டெல்பர்ட் சீண்டினான்.

பருவத்தின் முதல் மீனைச் சமைக்காமல் ஆற்றில் மேலே போகவிடுவது அந்த மக்களின் வழக்கம். அதை மீறியவர்களை வாய்க்கு வந்தபடி ஏசியவளும் லவேர்ன்தான்.

"வாயை மூடுடா. எனக்கே எச்சி ஊறுது" என்று சிடுசிடுத்தபடி வலையைப் பிரித்து, மீனை இரு கையாலும் ஏந்தினாள். "போம்மா, வழி தொறந்தாச்சு. உன் பாட்டிங்க முட்டை போட்ட ஓடைக்கே போய்ச் சேரு."

மீன் வாலைச் சுழற்றி, பளாரென்று அவள் கன்னத்தில் ஓர் அறை விட்டுவிட்டுத் தண்ணீரில் பாய்ந்தது. கரையில் நின்றவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள்.

லவேர்ன் கன்னத்தைத் தடவியபடி, பூரிப்புத் தாங்காமல் கத்தினாள்: "திமிரைப் பாத்தியாடா! சந்தேகமே இல்ல, நம்ம ஊர்க்காரிதான்!"