பள்ளத்து லயம்

சிங்கப்பூரின் தேக்கா சந்தையில் கடைக்காரர் முட்டைக்கோஸ் பெட்டியைத் திறந்து, "கேமரன் மலைச் சரக்குண்ணே, காலையிலதான் வந்துச்சு லா" என்றார். ஈரமண்ணும் பனியும் கலந்த அந்த வாசனை என்னை நேரே எங்கள் தேயிலைத் தோட்டத்துப் பள்ளத்தில் இறக்கிவிட்டது.

காட்டை வெட்டி மலைமேல் ஆட்களைக் குடியேற்றியபோதே துரைக்கு மேட்டில் பங்களா, எங்களுக்குப் பள்ளத்தில் ஒட்டி ஒட்டிக் கட்டிய வரிசை வீடுகளான லயம் என்று பிரித்துவிட்டார்களாம். நாலாபுறமும் தேயிலைச் சரிவு, அதற்கு மேலே காடு, பிற்பகலானால் இருக்கிற ஒரே சாலையையும் விழுங்கிவிடும் மூடுபனி, காயவே காயாத சுவர்கள், ஒரு வீட்டில் தொடங்கி வரிசை முழுக்கப் பரவும் இருமல். வீட்டுக்கு ஒருவராவது கொழுந்து பறித்தால்தான் தோட்டம் கொடுத்த அந்த வீடும் எங்களிடம் நிலைக்கும். முதுகு வளைந்த பிறகும் அம்மா கூடையை இறக்கவில்லை. ஓய்வெடுக்கச் சொன்னால், "நான் நின்னுட்டா நாம எங்கடா போறது?" என்று எரிந்து விழுவாள்.

லயத்தை இடித்துவிட்டார்கள். அங்கே இப்போது முட்டைக்கோஸ்தான் விளைகிறது.

புக்கிட் பாத்தோக்கில், கம்பெனி கொடுத்திருக்கும் வீட்டில், கோஸை நறுக்கிக்கொண்டே மகள் கேட்டாள்: "டெய்லி புலம்புறீங்களே, அந்த வேலைய விட்டுட வேண்டியதுதானேப்பா?"

"நான் நின்னுட்டா நாம எங்கம்மா போறது?" என்றேன்.