வின்னியின் கடைசி ஷாட்

வின்னி டாக்கெட்டை நினைத்தாலே எனக்கு எரிச்சல்தான் வரும். முப்பத்தோரு வருடம் லண்டன் ஸ்டுடியோக்களில் அவள் முகத்துக்கு ஒப்பனை போட்டவள் நான். நர்ஸ், வாடகை கேட்கும் வீட்டுக்காரம்மா, பிணத்தை முதலில் பார்த்து அலறுகிறவள் என்று எல்லாம் நடித்துவிட்டாள். பஸ்ஸில் யாராவது, "உங்களை எங்கியோ பாத்திருக்கேனே, மீன் கடையிலயா?" என்றால், ஆமாம் என்று தலையாட்டி வைப்பாள்!

அவள் ஆசைப்பட்டது, திரை நிறையத் தன் முகம் மட்டும் தெரிகிற ஒரே ஒரு குளோசப். ஆனால் எங்கள் தொழிலில் முதலில் நாயகனின் முகம், கடைசியில்தான் மற்றவர்கள். ஐந்தரை ஆனால் விளக்குக்காரர்கள் சுவிட்சை அணைத்துவிட்டுப் போய்விடுவார்கள். ஒவ்வொரு முறையும் அவள் முறை வரும்போது இருட்டிவிடும்.

ஒரு போலீஸ் தொடரில் அவளுக்கு ஆற்றில் மூழ்கிய பையனின் அம்மா வேடம். இன்ஸ்பெக்டராக ஜூலியன் ஃபேர். அவனுடைய குளோசப்புக்காக, கேமராவுக்குப் பக்கத்தில் நின்று ஒன்பது தடவை வசனம் சொல்லி ஒன்பது தடவையும் அழுதாள்.

"அடியே, கண்ணீரை மிச்சம் வையி!" என்றேன்.

"எதிர்ல யாராவது நிஜமா அழுதாத்தான் அவருக்கு முகம் இளகுது, பெரில்."

அவனுக்கு முடிந்தபோது ஐந்து இருபது. "ரயிலைப் பிடிக்கணும் வின்னி, நீ பின்னிடுவே," என்று கோட்டை மாட்டிக்கொண்டு போய்விட்டான். தொழிற்சங்கத்து ஸ்டான் எல்லோரையும் பார்த்து, "கால் மணி நேரம் கூட நிக்கலாமாப்பா? வின்னிக்காக," என்றார். எல்லாக் கைகளும் உயர்ந்தன.

ஜூலியன் இடத்தில் என்னை நிறுத்தினார்கள். அவன் வசனத்தை மளிகைப் பட்டியல் மாதிரி வாசித்தேன். வின்னி இம்முறை அழவில்லை. என்னைப் பார்த்து, "அவனுக்குத் தண்ணின்னாலே பயம் சார்," என்றாள். அடுத்த வரியை வாசிக்கவே எனக்கு மறந்துபோயிற்று.

ஒளிபரப்பான அன்று அவள் வீட்டில் டீயும் பிஸ்கட்டுமாக உட்கார்ந்தோம். "அவனுக்குத் தண்ணின்னாலே பயம் சார்," என்று வின்னியின் குரல் வந்தது. திரையில் தெரிந்தது ஜூலியனின் கலங்கிய கண்கள். கடைசி வரை அந்தக் கண்கள்தான்; வின்னியின் முகம் வரவேயில்லை.

"நான் சொல்றதை நல்லா கேக்குறாருல்ல?" என்றாள் வின்னி.

"எங்கடி கேட்டான்? அவன் ரயிலைப் பிடிச்சான்!" என்று கத்தினேன்.

அவள் கோப்பைகளை எடுத்து வைத்தாள். பிறகு மெதுவாக, "அன்னிக்கு என் மூஞ்சி எப்பிடிடி இருந்துச்சு?" என்றாள்.

எதிரே நின்று பார்த்தவள் நான். ஒரு கோப்பையைத் துடைக்கிற சாக்கில் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

"மூக்குல பவுடர் கொஞ்சம் கம்மி," என்றேன்.