அரிசி வாளிக்குள் ஒரு சீடி

பழைய கேம் சீடிகளைக் கணினியில் நகலெடுத்துக்கொண்டிருந்தேன். ஒன்று மட்டும் கரக் கரக்கென்று திணறியது. சிறுவயதில் எங்கள் தோட்டத்து வீட்டில் கேட்ட அதே சத்தம்.

அங்கே கேம் பெட்டியைத் தலைகீழாகக் கவிழ்த்தால்தான் இந்த சீடி ஓடும். அண்ணனும் நானும் டிவி சத்தத்தை அடைத்துவிட்டு, வாசலில் காதை வைத்துக்கொண்டு விளையாடுவோம். செம்மண் சாலையில் அப்பாவின் மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்டதும் அண்ணனுக்கு முகம் வெளுத்துவிடும்.

“அப்பா வந்துட்டாருலா! எடுடா!”

அப்பா பெல்ட்டை உருவுவதற்குள், சுற்றிக்கொண்டிருக்கும் சீடியைப் பிடுங்கி அரிசி வாளிக்குள் புதைப்பேன். அதிலிருக்கும் கீறலெல்லாம் அரிசி போட்டது.

இப்போது வெளியே ஒரு மோட்டார் வந்து நின்றது. பக்கத்து வீட்டுக்காரர்தான். அப்பா போய்ப் பல வருஷமாகிறது.

அடுப்படியில் அரிசி வாளியைத் திறந்துவைத்துக்கொண்டு நின்றிருந்தேன். கையில் சீடி.