கேட்காமல் அனுப்பிய வீடியோ

திருமணமாகி சங்கரன்கோவிலுக்கு வந்த புதிது. கடையநல்லூரில் தோழியின் கல்யாணத்துக்கு முந்தைய நாள், பெண்கள் மட்டும் இருந்த அறையில் கதவைச் சாத்திக்கொண்டு ஆசைதீர ஆடினேன். யாரோ ஒருத்தி அதைப் படம் எடுத்திருக்கிறாள். அது கைமாறிக் கைமாறி, அடுத்த வாரம் என் புகுந்த வீட்டு வாட்ஸப் குழுவுக்கே வந்துவிட்டது. போட்டவர் கணவருக்குத் தம்பி முறை. கீழே வரிசையாகச் சிரிப்பு எமோஜிகள்.

கணவர் துபாயில் இருந்தார். அடுப்படியில் மாமி, அவருடைய உம்மா, போனும் கையுமாக நின்றார். "மாமி, அது வந்து..." என்பதற்குள் அழுகை முட்டியது.

"நீ எதுக்கு அழுவுத? தப்பு செஞ்சது நீயா?" என்றவர், குழுவுக்கு வாய்ஸ் மெசேஜ் அனுப்பினார்.

"என் மருமவ ஆடுனது பொம்பளைங்க மட்டும் இருந்த ரூம்ல. அத வெளிய விடலாமான்னு அவகிட்ட யாரு கேட்டா? எல்லாரும் இப்பவே அழிங்க. இனி எவனாவது அனுப்புனா, அவளக் கூட்டிக்கிட்டு நானே போலீஸ் ஸ்டேஷனுக்குப் போவேன்."

வீடியோ உடனே மறைந்தது. மாலையில் போட்டவரே வந்து, தலைகுனிந்து என்னிடம் மன்னிப்புக் கேட்டார். கணவர் போனில், "உம்மா போட்ட போடுல நானே பயந்துட்டேன்" என்று சிரித்தார்.

அவர் போனை வைத்ததும் மாமி என் பக்கம் திரும்பினார்.

"அந்தச் சுத்து எப்படிச் சுத்துன? உனக்கு இஷ்டம்னா எனக்கும் சொல்லித் தா."

மூச்சு வாங்கும்வரை இருவரும் ஆடினோம். புகுந்த வீடு என்ற சொல்லை அதற்குப் பிறகு நான் சொன்னதில்லை. எங்கள் வீடு என்றுதான் சொல்கிறேன்.